பைப்பைப் பற்றி எழுதாதே

ஜனவரி 6

அன்புத் தம்பிக்கு,

அக்கா எழுதுகிறேன். நானும் உன் அத்தானும் சிட்டுவும் ஒரு குறையும் இல்லாமல் இருக்கிறோம். நீ எப்படி இருக்கிறாய்? டீச்சரம்மாவுக்குத் தொண்டைக்கட்டு விட்டதா? நாள் முழுக்கப் பிள்ளைகளிடம் கத்திவிட்டு வீட்டுக்கு வந்து உன்னிடமும் கத்தவேண்டியிருந்தால் தொண்டை என்னதான் செய்யும்.

போன் செய்யக்கூடாதா என்று நீ கேட்டிருந்தாய். இங்கே போன் இருப்பது படகுத்துறைக் கடையில் மட்டும்தான். அங்கே நின்று பேசினால் படுகை முழுவதற்கும் ஒலிபெருக்கி வைத்த மாதிரி. கடிதமே நல்லது, நிதானமாகத் திட்டலாம்.

திட்ட வேண்டியது உன் அத்தானை. மறுபடியும் பைப் வாங்கிவிட்டார். இந்த மனுஷனை என்ன செய்வது, சொல். வருஷா வருஷம் ஆறு வீட்டைவிட்டுத் தள்ளிப் போகிறது. இவர் வருஷா வருஷம் ஒரு நீளம் பைப் வாங்கி ஒட்டி, மோட்டார் கொட்டகையைப் பிரித்து, ஆற்றின் பின்னாலேயே தூக்கிக்கொண்டு ஓடுகிறார். கல்யாணமாகி வந்தபோது வாசலில் உட்கார்ந்தபடி குடத்தைச் சாய்த்துத் தண்ணீர் மொள்வேன். இப்போது ஆற்றைப் பார்க்கவே செருப்புப் போட வேண்டியிருக்கிறது. பைப்புக்கும் பைப்புக்கும் நடுவில் ஒட்டுப்போட்ட இடத்தில் சிட்டு ஒவ்வொரு வருஷமும் ஒவ்வொரு கலரில் பெயின்ட் அடிக்கிறாள். அப்பாவும் பெண்ணும் சேர்ந்துகொண்டு என் தையல் காசைப் பூராவும் ஆற்றில் விடுகிறார்கள்.

இன்னொன்று. நம் படுகை யாருக்குச் சொந்தம் என்று இரண்டு மாநிலமும் பெரிய கோர்ட்டில் வழக்குப் போட்டிருக்கிறதாமே? வீட்டுக்கு முன்னால் ஆறு, அதற்கு அந்தப் பக்கம் நம் மாநிலத்து டவுன். வீட்டுக்குப் பின்னால் காய்ந்துபோன பழைய ஆற்றுத் தடம், அதைத் தாண்டினால் பக்கத்து மாநிலம். ஓட்டு, பள்ளிக்கூடம், பத்திரம் எல்லாவற்றுக்கும் நாங்கள் படகேறி நம் மாநிலத்துக்குத்தான் வருகிறோம். இதில் வழக்கு எங்கிருந்து வந்தது? நீ வேலை பார்க்கிற வக்கீல் ஆபீஸ்தானே அரசாங்கத்துக்காக வாதாடுகிறது, புரிகிற மாதிரி எழுது.

முட்டி வலி அப்படியே இருக்கிறது. அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளாதே.

பிரியமுள்ள,
அக்கா


ஜனவரி 20

அன்பு அக்காவுக்கு,

உன் கடிதம் கிடைத்தது. நாங்கள் இருவரும் சௌக்கியம். தொண்டை சரியாகிவிட்டது, அதை நான் தினமும் காதால் கேட்டு அனுபவிக்கிறேன். சிட்டு எந்தக் கலர் அடித்தாள் என்று நீ எழுதவில்லையே என்று டீச்சரம்மாவுக்குக் குறை.

வழக்கு இதுதான். இரண்டு மாநிலத்துக்கும் எல்லை ஆறு என்று பழைய ஒப்பந்தம். ஆறு ஒரே இடத்தில் இருந்தால் தொந்தரவில்லை. இடம் மாறினால்? சட்டம் சொல்வது இவ்வளவுதான். ஆறு கொஞ்சம் கொஞ்சமாக நகர்ந்தால் எல்லையும் அதோடு நகரும். ஆறு வெள்ளத்தில் ஒரே தாவாகத் தாவி வேறு தடத்தில் விழுந்தால், எல்லை பழைய தடத்திலேயே நிற்கும்.

உனக்குக் கல்யாணம் ஆவதற்கு முந்தைய வருஷம் வந்த பெருவெள்ளத்தில், ஒரே ராத்திரியில், ஆறு உங்கள் கொல்லைப்புறத் தடத்தை விட்டு இப்போது ஓடுகிற இடத்துக்குத் தாவிவிட்டது என்பது நம் மாநிலத்தின் கட்சி. அப்படியானால் படுகை நமக்கு. இல்லை, பையப் பைய நகர்ந்துதான் போனது, அது விட்டுச் சென்ற மண்தான் படுகை என்பது அவர்கள் கட்சி. அப்படியானால் படுகை அவர்களுக்கு.

நீ என் அக்கா என்று சீனியரிடம் அன்றே சொல்லிவிட்டேன். படுகை சாட்சிகள் சம்பந்தப்பட்ட எதையும் என் கையில் கொடுப்பதில்லை. சட்டப் புத்தகம் புரட்டுவதும் சுருக்கம் எழுதுவதும்தான் என் வேலை.

ஒரே ஒரு விண்ணப்பம். இனிமேல் கடிதத்தில் பைப்பைப் பற்றி எழுதாதே. ஏன் என்று கேட்காதே. அத்தானைத் திட்ட வேறு காரணமா கிடைக்காது உனக்கு?

சிட்டுவுக்கு மாமாவின் முத்தம்.

அன்புடன்,
தம்பி


பிப்ரவரி 2

அன்புத் தம்பிக்கு,

இங்கே உடம்புக்கு எல்லோரும் நலம். மனசுக்குத்தான் இல்லை. அங்கே நீங்கள் இருவரும் நன்றாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன்.

முதலில் ஒன்று. உன் கடிதத்தைப் படித்ததும் எனக்குச் சிரிப்பு வந்தது, அப்புறம் விளங்கியது, அப்புறம் சிரிப்பு நின்றுவிட்டது. சரி. இனி அந்தச் சாமானின் பேரையே எடுக்கமாட்டேன். இந்த வீட்டில் அப்படி ஒன்று இல்லவே இல்லை. நாங்கள் வாயால் ஊதித்தான் தண்ணீர் பாய்ச்சுகிறோம்.

இப்போது விஷயத்துக்கு வருகிறேன். சிட்டுவின் பெரியப்பா வந்திருந்தார். அதாவது அவளைப் பெற்றவரின் அண்ணன். உனக்கு அவரைத் தெரியாது, பழைய தடத்துக்கு அந்தப் பக்கம் பக்கத்து மாநிலத்தில் லாரி வைத்து ஓட்டுகிறார். சிட்டுவின் அம்மா காய்ச்சலில் போனபோதும் வரவில்லை. அவள் அப்பா ஒரு வயசுக் குழந்தையைக் கொண்டுவந்து என் மடியில் போட்டபோதும் வரவில்லை. டவுன் கோர்ட்டில் அவளைப் பெற்றவர் கையெழுத்துப் போட்டு எங்களுக்குத் தத்துக் கொடுத்தபோது ஆள் அனுப்பிச் சொல்லியும் வரவில்லை. பிறகு அந்த மனுஷனும் போய்ச்சேர்ந்தார், அதற்கும் இவர் தலை காட்டவில்லை. இப்போது பெண்ணுக்குப் பத்து வயசு, வீட்டு வேலைக்கு ஆவாள். இவர் மனைவி நோயாளி, மூன்று பையன்கள். கணக்குப் புரிகிறதா?

வாசலில் நின்றபடியே பேசினார். "வழக்கு எங்க பக்கம் வந்துச்சுன்னா இந்த மண்ணு எப்பவுமே எங்க மாநிலந்தான்னு ஆயிடும். அப்ப உங்க டவுன் கோர்ட்டுக்கு இங்க இருக்கிறவங்களுக்கு உத்தரவு போட என்ன அதிகாரம்? அந்தத் தத்துப் பேப்பர் செல்லாது. செல்லலைன்னா புள்ளைக்கு நான்தான் ரத்த சொந்தம்" என்றார். யாரோ வக்கீலிடம் கேட்டுக்கொண்டு வந்திருக்கிறார், அவர் பேச்சு இல்லை அது.

உன் அத்தான் கோபப்படாத மனுஷன். அன்றைக்கு வந்தவர் முகத்துக்கு நேராகக் கதவைச் சாத்தினார்.

தம்பி, அவர் சொல்வது உண்மையா? பக்கம் பக்கமாக வேண்டாம். உண்மை, இல்லை. இரண்டில் ஒரு வார்த்தை எழுது போதும்.

பிரியமுள்ள,
அக்கா


பிப்ரவரி 28

அன்பு அக்காவுக்கு,

பதில் தாமதமாகிவிட்டது, மன்னித்துக்கொள். நாங்கள் நலம். உன் முட்டி வலி எப்படியிருக்கிறது? டீச்சரம்மாவின் சினேகிதி ஒருத்திக்கு இதே தொந்தரவாம். எண்ணெயைச் சூடாக்கி, கீழிருந்து மேலாகத் தேய்க்க வேண்டுமாம், மேலிருந்து கீழாக இல்லை. தேய்த்த பிறகு அரைமணி நேரம் காலை நீட்டி உட்கார வேண்டும். தையல் மெஷினை மிதிக்கக் கூடாது. வெந்நீர் ஒத்தடமும் கொடுக்கலாம்.

எனக்குக் கண்ணாடி மாற்றியிருக்கிறார்கள். புதுக் கண்ணாடியில் ஆபீஸ் படிக்கட்டு ஒரு படி அதிகமாகத் தெரிகிறது. நேற்று இல்லாத படியில் ஏறப்போய் விழப் பார்த்தேன். ஆபீஸ் மின்விசிறியும் கெட்டுப்போய் முனகுகிறது. சீனியர் அதைப் பார்த்து, "எதிர்க்கட்சி வக்கீலைவிட இது பரவாயில்லை" என்கிறார்.

முட்டியைக் கவனித்துக்கொள். வலி அதிகமானால் டவுன் டாக்டரிடம் காட்டு.

அந்தத் தத்து உத்தரவின் தேதியையும் எண்ணையும் எழுதி அனுப்பு. சும்மாதான் கேட்கிறேன்.

அன்புடன்,
தம்பி


மார்ச் 6

தம்பிக்கு,

எல்லோரும் இருக்கிறோம். நீங்களும் அப்படியே என்று நினைக்கிறேன்.

ஒரு வார்த்தை கேட்டேன், நீ முட்டிக்கு எண்ணெய் அனுப்பியிருக்கிறாய். சின்ன வயசில் தட்டை உடைத்துவிட்டு "அக்கா, உனக்குப் பசிக்கிறதா?" என்று கேட்பாயே, அதே புத்தி. உன் முகம் இங்கிருந்தே எனக்குத் தெரிகிறது. பதில் கிடைத்துவிட்டது.

நீ சும்மா எதையும் கேட்கிறவன் இல்லை. தேதியும் எண்ணும் தனித்தாளில் இருக்கிறது. உத்தரவைப் பெட்டியிலிருந்து எடுத்தபோது சிட்டு பார்த்துவிட்டாள். அவளைத் தத்தெடுத்த கதை அவளுக்குத் தெரியும், அவளே எல்லோரிடமும் பெருமையாகச் சொல்லிக்கொள்கிறவள். "அந்தப் பேப்பர் எதுக்கும்மா?" என்றாள். பூச்சி அரிக்கிறதா பார்க்கிறேன் என்றேன். பெரியப்பா வந்தபோது பள்ளிக்கூடத்தில் இருந்தாள், அந்தமட்டில் பிழைத்தோம்.

படுகை ஆட்கள் கூடிப் பேசிவிட்டார்கள். யார் கேட்டாலும் ஆறு ஒரே ராத்திரியில் தாவிவிட்டது என்றே எல்லோரும் சொல்வது. முதன்முதலில் இங்கே வீடு கட்டியது நாங்கள் என்பதால் சாட்சிப் பட்டியலில் என் பேரும் இருக்கிறது. உன் அத்தான் வாயிலிருந்து ஒரு நாளைக்கு நாலு வார்த்தைதான் வரும், அதனால் என்னைப் போட்டிருக்கிறார்கள். சொல்வேன் தம்பி. என் பெண்ணுக்காக ஆறு பறந்தே போனது என்று வேண்டுமானாலும் சொல்வேன்.

டீச்சரம்மாவைக் கேட்டதாகச் சொல்.

அக்கா


மார்ச் 19

அன்பு அக்காவுக்கு,

இங்கே நலம். அங்கேயும் நலம் நிலைக்கட்டும்.

நீ சாட்சி. நான் வக்கீல் ஆபீஸில் இருக்கிறவன். விசாரணை முடிகிறவரை வழக்கைப் பற்றி நீ எனக்கு எழுதவும் கூடாது, நான் உனக்கு எழுதவும் கூடாது. உன் போன கடிதத்தின் கடைசிப் பகுதியை நான் படிக்கவில்லை என்று வைத்துக்கொள்கிறேன்.

உடம்பைப் பார்த்துக்கொள்.

தம்பி


மே 11

அன்புத் தம்பிக்கு,

நலமா என்று கேட்கக்கூட எனக்குத் தெம்பில்லை. நீங்களாவது நன்றாக இருங்கள்.

விசாரணை முந்தாநாள் முடிந்தது. இனி எழுதலாம் அல்லவா? எழுதி என்ன, எல்லாவற்றையும் கெடுத்துவிட்டேன்.

பள்ளிக்கூடத்தில்தான் நடந்தது. ரிட்டயரான ஜட்ஜ் ஒருவர், இரண்டு பக்கத்து வக்கீல்கள், டைப் அடிக்கிற பெண். சின்னப்பிள்ளைகள் பெஞ்சில் நாங்கள் எல்லோரும் முட்டியை மடக்கி உட்கார்ந்திருந்தோம். எனக்கு முன்னால் போனவர்கள் எல்லோரும் ஒப்பித்த பாடத்தைப் பிசகாமல் சொன்னார்கள். என் முறை வந்தது. அவர்கள் பக்கத்து வக்கீல் எழுந்தார். கத்துவார், மடக்குவார் என்று பயந்துகொண்டிருந்தேன். பல்லெல்லாம் தெரியச் சிரிக்கிற மனுஷன், என் வயசுதான் இருக்கும்.

"வெள்ளத்துக்கு அப்புறம் ஆறு எங்கம்மா இருந்துச்சு?"

"இப்ப இருக்கிற இடத்துலதாங்க."

"ஒரே ராத்திரியிலயா?"

"ஒரே ராத்திரியில."

அவ்வளவுதான், கேஸ் கட்டை மூடிவிட்டார். எனக்கு மூச்சு வந்தது. எழுந்திருக்கப் போனேன். அப்போது சும்மா பேச்சுக்குக் கேட்கிற மாதிரி, "வெயில் காலத்துல தண்ணிக்கு என்ன பண்றீங்க?" என்றார். மோட்டார் இருக்கிறது என்றேன். "நல்லது. அப்ப கஷ்டம் ஒண்ணும் இல்ல" என்றார்.

கஷ்டம் ஒன்றும் இல்லையாம்! தம்பி, என் தலையில் யார் வந்து உட்கார்ந்தார்களோ தெரியவில்லை.

"கஷ்டம் இல்லையா? நீங்க வந்து ஒரு நாள் இருந்து பாருங்க. நான் வந்த புதுசுல வாசப்படிலேர்ந்து தண்ணி மொண்டேன். அப்புறம் வருஷா வருஷம் ஆறு தள்ளித் தள்ளிப் போகுது, இவரு வருஷா வருஷம் பைப் வாங்கி ஒட்டறாரு, கொட்டகையைத் தூக்கிட்டு ஓடறாரு. எத்தனை ஒட்டுன்னு எம் பொண்ணைக் கேளுங்க, கலர் கலரா பெயின்ட் அடிச்சு வெச்சிருக்கா!"

சொல்லி முடித்தேன். டைப் அடிக்கிற சத்தம் மட்டும் கேட்டது. அதுவும் நின்றது. உன் அத்தான் துண்டால் முகத்தை மூடிக்கொண்டிருந்தார். ஜட்ஜ் மூக்குக் கண்ணாடியைக் கழற்றிவிட்டு, ரொம்ப மரியாதையாக, "அந்தப் பைப்பைப் பார்க்கலாமாம்மா?" என்று கேட்டார். எல்லோரும் போனார்கள். வாசலிலிருந்து ஆறுவரை நடந்தார்கள். சிட்டு துள்ளிக்கொண்டு முன்னால் போய் ஒவ்வொரு ஒட்டையும் காட்டி, இது நான் ஒன்றாம் வகுப்புப் படித்தபோது, இது இரண்டாம் வகுப்பு என்று ஜட்ஜுக்கு விளக்கம் சொன்னாள். அவர் அவள் தலையைத் தடவிக்கொடுத்தார். பெரியப்பா கூட்டத்தின் கடைசியில் நின்று பார்த்துக்கொண்டிருந்தார்.

நீ அவ்வளவு தூரம் எழுதினாய், பைப்பைப் பற்றி எழுதாதே என்று. எழுதவில்லை, நீ கேட்டபடி ஒரு வரிகூட எழுதவில்லை. மூன்று மாசமாக அடக்கி வைத்த புகார் முழுவதும் அங்கே போய்க் கொட்டிவிட்டது. இதை ஒரு மனுஷி செய்வாளா? என் வாயாலேயே என் பெண்ணைத் தூக்கிக் கொடுத்துவிட்டேன்.

உன் அத்தான் ஒரு வார்த்தை குறை சொல்லவில்லை. சொல்லியிருந்தால் தேவலை.

அக்கா


மே 20

அன்பு அக்காவுக்கு,

நாங்கள் நலம். நீயும் நலமாக இரு, இதை வழக்கத்துக்காக எழுதவில்லை.

தீர்ப்பு வருகிறவரை நான் எதுவும் சொல்ல முடியாது. ஒன்று மட்டும் கேள். வேளாவேளைக்குச் சாப்பிடு. தூங்கு. சிட்டுவுக்கு அடுத்த வகுப்புப் புத்தகங்களை எப்போதும் போல நம் டவுனில் வாங்கு. சீருடைக்கு அளவெடு. வளர்கிற பெண், நீளம் கொஞ்சம் கூடவே வைத்துத் தை.

தம்பி


ஜூலை 3

அன்புத் தம்பிக்கு,

நீயும் டீச்சரம்மாவும் சுகமாக இருக்க வேண்டும். இங்கே நாட்கள் போகின்றன.

நீ சொன்னபடி புத்தகம் வாங்கினேன். சீருடையும் தைத்தேன், நீளம் கூட வைத்து. தைக்கும்போது, இந்த மடிப்பைப் பிரித்துவிடும்போது பக்கத்தில் நான் இருப்பேனா என்று தோன்றி, ஊசி விரலில் ஏறிவிட்டது. அதைச் சாக்காக வைத்து அழுதேன்.

பெரியப்பா அவர்கள் மாநிலத்துக் கோர்ட்டில் மனுப் போட்டுவிட்டார். தீர்ப்பு வந்த மறுநாளே விசாரணைக்கு எடுப்பார்களாம். படுகையில் யாரும் என்னிடம் முகம் கொடுத்துப் பேசுவதில்லை. படகில் ஏறினால் பேச்சு நின்றுவிடுகிறது. அதைப் பற்றி எனக்குக் கவலையில்லை, உண்மையைத்தானே சொன்னேன் என்று சொல்லிக்கொள்ளலாம். ஆனால் உண்மை சொல்ல வேண்டும் என்று நான் சொல்லவில்லையே, வாய் தவறித்தானே சொன்னேன். அதில் பெருமைக்கு என்ன இருக்கிறது?

நேற்று சிட்டு பள்ளியிலிருந்து வந்து பையைக்கூட இறக்கவில்லை. "பெரியப்பா வீட்டுக்கு நான் போகணுமா?" என்று கேட்டாள். யாரோ சொல்லியிருக்கிறார்கள். இல்லை என்றேன். "நீ பூச்சி அரிக்குதான்னு பார்த்தியே, அந்தப் பேப்பர் இருக்குல்ல?" என்றாள். இருக்கிறது என்றேன். சரியென்று விளையாடப் போய்விட்டாள். அவள் எவ்வளவு சுலபமாக நம்பிவிட்டாள் என்பதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை.

உன்னால் சொல்ல முடியாது என்று தெரியும். இருந்தாலும் கேட்கிறேன். புத்தகம் வாங்கச் சொன்னாயே, ஆறுதலுக்குச் சொன்னாயா, தெரிந்து சொன்னாயா?

அக்கா


ஆகஸ்ட் 14

என் அருமை அக்காவுக்கு,

நீ, அத்தான், சிட்டு மூவரும் இதைப் படிக்கும்போது சேர்ந்து உட்கார்ந்து படியுங்கள். நிற்காதீர்கள். நல்ல செய்திதான், ஆனால் முதல் பாதியைக் கேட்டுப் பயந்துவிடாதே.

இன்று காலை தீர்ப்பு வந்தது. தோற்றோம். படுகை பக்கத்து மாநிலத்துக்கு. ஆறு பையப் பையத்தான் நகர்ந்தது என்பதற்கு, தீர்ப்பில் உன் பைப்புக்கு மட்டும் ஒன்றரைப் பக்கம் கொடுத்திருக்கிறார்கள். கலர் உட்பட.

இப்போது இரண்டாம் பாதி. தீர்ப்பின் கடைசியில் இப்படி ஒரு பத்தி இருக்கிறது: "எல்லை எதுவென்று இப்போது முடிவானதை மட்டும் காரணமாகக் காட்டி, இந்த நிலத்தில் வாழ்வோர் விஷயத்தில் இதுவரை எந்த மாநிலத்து நீதிமன்றமும் பிறப்பித்த உத்தரவோ, பதிவான திருமணமோ, பிறப்போ, தத்தோ, பத்திரமோ செல்லாது என்று யாரும் சொல்லக் கூடாது. அவை அனைத்தும் செல்லும்." தத்து என்ற வார்த்தை இருக்கிறது அக்கா. நான் மூன்று முறை விரலை வைத்துப் படித்தேன். சிட்டு உன் பெண். பெரியப்பாவின் மனுவுக்குக் காலே இல்லை.

இனி நான் மென்று முழுங்க வேண்டியதில்லை, எல்லாவற்றையும் சொல்கிறேன். பிப்ரவரியில் நீ உண்மையா இல்லையா என்று கேட்டாய். அவர் சொன்னது உண்மையாகிவிடக்கூடும் என்று தெரிந்தது. ஆமாம் என்று எழுதக் கை வரவில்லை. இல்லை என்று உன்னிடம் பொய் சொல்லவும் முடியவில்லை. மூன்று வாரம் யோசித்து, முட்டிக்கு எண்ணெய் எழுதினேன்.

அன்றிலிருந்து சீனியரிடம் கெஞ்சிக்கொண்டிருந்தேன். தோற்றாலும் ஜனங்களின் கல்யாணமும் தத்தும் பத்திரமும் பிழைக்கும்படி ஒரு பத்தி கேட்போம் சார், இதோ உதாரணத்துக்கு என் அக்கா வீட்டு உத்தரவே இருக்கிறது என்று தேதியும் எண்ணும் காட்டினேன். அவர் ஒத்துக்கொள்ளவே இல்லை. "தோத்தா என்ன ஆகும்னு நாமளே கேட்டா, தோக்கப்போறோம்னு நாமளே சொன்ன மாதிரி. ஜெயிக்கிற கேஸ்ல அந்தப் பேச்சே எடுக்காதே" என்றார். அவர்கள் பக்கமும் அதே வீம்பு. ஆற்றின் கீழ்வளைவில் இதே போல ஒரு படுகை நம் பக்கம் ஒட்டிக்கிடக்கிறது. அங்கே இருக்கிற ஜனங்கள் அவர்கள் மாநிலத்தில் கல்யாணம் பதிந்தவர்கள். ஆறு நகர்ந்தது என்றால் அந்தப் படுகை நமக்கு வந்துவிடும். அதைப் பற்றி அவர்களும் மூச்சு விடவில்லை. இரண்டு பக்கமும் ஜெயிக்கிற மாதிரியே முறைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தது.

அப்போதுதான் உன் சாட்சியம் வந்தது. சீனியர் படித்தார். மறுபடி படித்தார். காகிதத்தை மேஜையில் வைத்துவிட்டு என்னைப் பார்த்து, "உங்க அக்காவா இது?" என்றார். ஆமாம் சார் என்றேன். "வீட்டுல எப்பவுமே இப்படித்தானா?" ஆமாம் சார். பெரிய மூச்சாக ஒன்று விட்டார். "சரி, கேஸ் போச்சு. நீ ஏதோ ஒரு பத்தின்னு தொணதொணத்தியே, அதை எடு" என்றார்.

அடுத்த வாரம் அவர்கள் வக்கீலைப் போய்ப் பார்த்தோம், உன்னைப் பார்த்துச் சிரித்தாரே அவர்தான். கீழ்வளைவு ஜனங்களை நினைத்து அவருக்கும் கவலை இருந்துகொண்டுதான் இருந்திருக்கிறது. ஒரு டீ குடித்து முடிப்பதற்குள் ஒப்புக்கொண்டார். இரண்டு மாநிலமும் சேர்ந்து அந்தப் பத்தியைக் கோர்ட்டில் கொடுத்தோம். கோர்ட் ஏற்கும் என்று நம்பிக்கை இருந்தது, நிச்சயம் இல்லை. அதனால்தான் புத்தகம் வாங்கு என்று மட்டும் எழுதினேன்.

நீ ஒப்பித்த பாடத்தோடு நிறுத்தியிருந்தால், கடைசி நாள்வரை இரண்டு பக்கமும் வீம்பு பிடித்திருக்கும், அந்தப் பத்தி வந்தே இருக்காது. ஆனாலும் தோற்றிருப்போம், பழைய வரைபடங்களே எங்களுக்கு எதிராகத்தான் இருந்தன. நீ உன் பெண்ணைத் தூக்கிக் கொடுக்கவில்லை அக்கா. உன் வாய் அவளைப் பிடித்து வைத்துவிட்டது.

எனக்குக் கண்ணாடியில் எழுத்துத் தெரியவில்லை. புதுக் கண்ணாடியின் கோளாறு இல்லை.

உன்,
தம்பி


செப்டம்பர் 9

என் செல்லத் தம்பிக்கு,

முகவரியைப் பார்த்தாயா? மாநிலத்தின் பேரை மாற்றி எழுதக் கை பழகவில்லை, இரண்டு முறை அடித்துவிட்டேன். வீடு அதே வீடு. நாங்கள் யாரும் ஓரடிகூட நகரவில்லை. உடம்பும் மனசும் நன்றாக இருக்கிறது. உங்கள் இருவரையும் உடனே பார்க்க வேண்டும் போலிருக்கிறது.

உன் கடிதத்தை உன் அத்தான்தான் படித்தார். தத்து என்ற இடம் வந்ததும் நிறுத்திவிட்டார். அப்புறம் அந்த வரியை இன்னொரு தடவை படித்துவிட்டு மேலே போனார். முடிந்ததும் எழுந்துபோய் மோட்டார் கொட்டகையில் உட்கார்ந்துகொண்டார். கொஞ்ச நேரம் தனியாக இருக்கட்டும் என்று விட்டேன். நான் சிட்டுவின் தலையை வாரிப் பின்னினேன். காலையில்தான் பின்னியிருந்தேன், "மறுபடியும் எதுக்கும்மா?" என்றாள். பேசாமல் இரு என்று பிரித்துப் பின்னினேன். வயிற்றில் பால் வார்த்தாய் தம்பி. வேறு எப்படிச் சொல்வது என்று தெரியவில்லை.

பெரியப்பா மனுவைத் திரும்ப வாங்கிக்கொண்டார். போன வாரம் வந்தார், இந்த முறை உள்ளே வந்து உட்கார்ந்தார். தண்ணீர் கொடுத்தேன். "எப்பவாவது புள்ளைய வந்து பாத்துட்டுப் போகலாமா?" என்றார். பார்ப்பதற்கு என்ன, வரட்டும். படகில் இப்போது எல்லோரும் என்னிடம் பேசுகிறார்கள். தங்கள் கல்யாணமும் பத்திரமும் செல்லும் என்று தெரிந்த பிறகு, நான் சொன்னது முழுவதும் முன்கூட்டியே போட்ட திட்டம் என்று ஒருவர் கிளப்பிவிட்டிருக்கிறார். நானும் மறுக்கவில்லை.

நேற்று புது மாநிலத்திலிருந்து குடும்பக் கணக்கெடுக்க ஒரு அதிகாரி வந்தார். தலைவர் பேர், மனைவி பேர் எழுதினார். சிட்டுவைப் பார்த்து, "இது?" என்றார். "மகள்" என்றேன். பேப்பரை எடுக்க உள்ளே ஓடினேன். அவசரத்தில் பெட்டி திறக்கவில்லை. ஒரு வழியாக எடுத்துக்கொண்டு வந்து நீட்டினால், அவர் அதைப் பிரிக்கக்கூட இல்லை. "அதெல்லாம் வேணாம்மா, தீர்ப்புலயே போட்டிருக்கு" என்று சொல்லி, மகள் என்று எழுதி, அடுத்த கட்டத்துக்குப் போய்விட்டார். அவ்வளவுதான், எழுதி முடித்துவிட்டார். நான் அவர் எதிரிலேயே அழுதுவிட்டேன். உன் அத்தான் பதறிப்போய், "வெங்காயம் உரிச்சிட்டிருந்தா" என்றார். வீட்டில் வெங்காயமே இல்லை.

கிளம்பும்போது அவர் பேச்சுவாக்கில், "ஆறு இங்கேர்ந்து தூரமா?" என்று கேட்டார். உன் அத்தான் என்னைப் பார்த்தார். நான் வாயை இறுக்கி மூடிக்கொண்டேன். சிட்டுதான் ஓடிவந்து, "வருஷா வருஷம் தூரமாகுது சார், எங்கப்பா பைப் வாங்கிட்டே இருப்பாரு!" என்றாள். அந்த மனுஷனுக்கு ஒன்றும் புரியவில்லை, நாங்கள் மூன்று பேரும் ஏன் அப்படிச் சிரித்தோம் என்று.

இந்த வருஷத்துக்கு ஒரு நீளம் போதாதாம், இரண்டு வேண்டுமாம். வாங்கித் தொலையுங்கள் என்று சொல்லிவிட்டேன். ஒரு ஒட்டுக்கு மாமா கலர் சொல்ல வேண்டும், இன்னொன்றுக்கு டீச்சர் அத்தை கலர் சொல்ல வேண்டும் என்று சிட்டு காத்திருக்கிறாள். உடனே எழுது. உன் கண்ணாடியைப் பற்றி எழுது, ஆபீஸ் மின்விசிறியைப் பற்றி எழுது, பைப்பைப் பற்றி எவ்வளவு வேண்டுமானாலும் எழுது. என் முட்டியைப் பற்றி மட்டும் ஒரு வார்த்தை கேட்காதே. பயந்துவிடுவேன்.

ஆயிரம் முத்தங்களுடன்,
அக்கா